நல்லூர்க் குடியிருப்பும் நாற்சார் வீடும்

நல்லூர் என்றதும் அடியார்களின் மனக்கண்ணில் முதலில் தோன்றுவது கந்தசுவாமி கோயிலும் அதன் இருபத்தைந்து நாள் மகோற்சவமுமே ஆகும். அது இயல்பானதே. ஆயினும் தேர் பார்க்கவும் தீர்த்தம் பார்க்கவும் போகும் நாம், அக்கோயிலைச் சூழ்ந்திருக்கும் தெருக்களையும் ஒழுங்கைகளையும் வீடுகளையும் கவனித்துப் பார்ப்பது குறைவு. ஒரு காலத்தில் யாழ்ப்பாண இராச்சியத்தின் தலைநகராக விளங்கிய குடியிருப்பு அது. அரசர் கட்டியவை ஏறக்குறைய எல்லாம் அழிந்துவிட்டன. எஞ்சி நிற்பவை இடப்பெயர்களும், பிற்காலத்துக் குடிமக்கள் தமக்கெனக் கட்டிக்கொண்ட வீடுகளுமே. அவ்வீடுகளுள்ளே நாற்சார் வீடு எனப்படும் நடுமுற்ற வீடு நல்லூருக்கு மட்டும் உரியதன்று. வலிகாமத்திலும் வடமராட்சியிலும் பல ஊர்களில், பெரும்பாலும் பூட்டிய படலைக்குப் பின்னால், இன்றும் அத்தகைய வீடுகளைக் காணலாம். ஆகவே நல்லூரைப் பற்றிச் சொல்வது நம்முடைய ஊரைப் பற்றிச் சொல்வதும் ஆகும் என்ற எண்ணத்துடன் இக்கட்டுரை எழுதப்படுகின்றது.

இராசதானி

ஆரியச்சக்கரவர்த்திகள் என வழங்கப்படும் அரசர்கள் பதின்மூன்றாம் நூற்றாண்டு தொடக்கம் வடபகுதியை ஆண்டனர். 1450 ஆம் ஆண்டளவில் கோட்டை அரசன் ஆறாம் பராக்கிரமபாகுவின் படைத்தலைவனான செண்பகப் பெருமாள், சிங்களத்திற் சப்புமல் குமாரயா எனப்படுபவன், யாழ்ப்பாணத்தைக் கைப்பற்றி 1467 வரை ஆண்டான். நல்லூர்க் கந்தசுவாமி கோயிலை எடுத்தவன் இவனே என்பர் ஒரு சாரார். 1736 ஆம் ஆண்டளவில் மயில்வாகனப் புலவர் எழுதிய யாழ்ப்பாண வைபவமாலை அப்பெருமையை அதற்கு ஐந்நூறு ஆண்டுகள் முற்பட்ட புவனேகவாகு என்னும் அமைச்சனுக்கு அளிக்கின்றது. இன்றும் கோயிற் கட்டியத்திலே புவனேகவாகுவின் பெயர் சொல்லப்படுகின்றது. ஆராய்ச்சியாளர் வாதம் எப்படியாயினும், பதினைந்தாம் நூற்றாண்டின் நடுப்பகுதிக்குப் பின்னர் நல்லூர் ஒரு முழுமையான நகரமாக இருந்தது என்பதில் ஐயமில்லை.

அந்நகரின் எல்லையைக் காட்டுபவை நான்கு கோயில்கள். கிழக்கே வெயிலுகந்த பிள்ளையார், மேற்கே வீரமாகாளி அம்மன், தெற்கே கைலாயநாதர், வடக்கே சட்டநாதர். அரசனும் குடிகளும் வாழ்ந்த நிலத்தைத் தெய்வங்கள் நான்கு திசையிலும் நின்று காப்பதாகக் கொண்ட நகர அமைப்பு இது. நடுவே அரண்மனையும், முத்திரைச்சந்தியிலே சந்தையும், அதனருகே அன்றைய கந்தசுவாமி கோயிலும் இருந்தன. இப்பொழுது முத்திரைச்சந்தியிற் கிறித்தவ தேவாலயம் நிற்கும் இடமே கோயிலின் பழைய இடம் என்பர். அத்தேவாலயத்தின் பின்னால் உள்ள யமுனா ஏரி என்னும் ப வடிவக் கேணியைப் போய்ப் பார்த்தவர்கள் நம்மவருள் மிகச் சிலரே. யமுனை நதியின் நீரைக் கொண்டுவந்து அரசன் அதிற் கலந்தான் என்பது ஐதீகம்.

1560 இல் ஒருமுறை போர்த்துக்கேயர் நல்லூருக்குட் புகுந்தனர்; நிலைக்கவில்லை. 1619 இல் இரண்டாம் சங்கிலி பிடிபட்டான். 1621 இல் தளபதி பிலிப் தெ ஒலிவேறா கந்தசுவாமி கோயிலை அடியோடு இடிப்பித்தான். ஆட்சியின் இருப்பிடம் கடற்கரைப் பக்கமாக, இன்றைய யாழ்ப்பாணப் பட்டினத்துக்கு மாறியது. இடித்த கல்லெல்லாம் கோட்டைக்குப் போயின என்று வழிவழியாகச் சொல்லுவர். ஒரு நகரம் தன் அரசனையும் கோயிலையும் சந்தையையும் இரண்டு மூன்று ஆண்டுகளுக்குள் இழந்தது. குடிகள் மட்டும் போகவில்லை.

குடிகள் போகாததாற்றான் பெயர்களும் போகவில்லை. சங்கிலித்தோப்பு, பண்டாரக்குளம், செட்டித்தெரு, முத்திரைச்சந்தி என்பன இன்றும் தபால் முகவரியிலும் காணி உறுதியிலும் வழங்குகின்றன. கல்வெட்டு இல்லாத இடத்திற் காணி உறுதியே கல்வெட்டு என்று சொல்லலாம்.

ஒல்லாந்தர் ஆட்சியின் இறுக்கம் தளர்ந்த காலத்தில், 1734 இல், இரகுநாத மாப்பாண முதலியார் முயற்சியாற் குருக்கள் வளவு என்ற இடத்திலே இப்போதைய கோயில் எழுந்தது. அது முதலிற் கல்லாலும் செங்கல்லாலும் சுவர் வைத்துக் கிடுகால் வேய்ந்த சிறு கோயிலாகவே இருந்தது என்பதை இன்று பொற்கூரையைப் பார்ப்பவர்கள் நினைத்துக்கொள்வது நன்று. கோயில் மறுபடி வந்ததும் அதைச் சுற்றி மடங்களும் வீடுகளும் பெருகின. 1822 இல் ஆறுமுக நாவலர் பிறந்ததும் இந்நல்லூரிலேயே.

மந்திரிமனையைப் பற்றி ஒரு சொல். பருத்தித்துறை வீதியோரத்தில் நிற்கும் அக்கட்டடத்தை யாழ்ப்பாண அரசரின் மந்திரி வாழ்ந்த மனை என்று பலரும் நம்புகின்றனர். சுரங்கவழிக் கதைகளும் உண்டு. ஆனால் இப்பொழுதுள்ள கட்டடத்தின் வளைவுகளும் தூண்களும் மரவேலையும் ஐரோப்பியர் ஆட்சிக்காலப் பாணியைச் சேர்ந்தவை. இடம் பழையது, கட்டடம் பிந்தியது என்பதே பொருத்தம். இதனால் அதன் பெறுமதி குறைந்துவிடாது. அரசர் காலத்து நினைவைக் குடிமக்கள் தம் காலத்துக் கட்டடத்தில் ஏற்றிவைத்துக் காத்தார்கள் என்பதற்கு அதுவே சாட்சி. 2025 ஆம் ஆண்டு பெய்த மழையில் அதன் ஒரு பகுதி இடிந்து வீழ்ந்தது.

படலை தொடக்கம் கோடி வரை

இனி வீட்டுக்குள்ளே போவோம். வாசகர்களுட் பலர் இத்தகைய வீட்டிற் பிறந்தவர்களாகவே இருப்பீர்கள். இளந்தலைமுறையினருக்காகச் சற்று விரித்துச் சொல்கிறேன்.

ஒழுங்கையின் இரு மருங்கும் பனையோலையாலோ கிடுகாலோ அடைத்த வேலி. கதியாலாகப் பூவரசும் முள்முருக்கும் கிளுவையும் நிற்கும். நடுவே வாயிலுக்கு மேலே சிறு கூரை போட்ட சங்கடப்படலை. அது வீட்டுக்காரருக்காக மட்டும் கட்டப்பட்டதன்று. வெயிலில் நடந்து வரும் வழிப்போக்கன் ஒதுங்கி நிற்கவும், உள்ளே வராமலே இளைப்பாறவும் ஆனது. சில வீடுகளில் அவ்விடத்தில் மண்பானையில் தண்ணீரும் வைத்திருந்தார்கள். கோயில் திருவிழாக் காலத்தில் நடக்கும் தண்ணீர்ப்பந்தல் தருமத்தை ஆண்டு முழுவதும் செய்த சிறு பந்தல் என்று இதனைக் கொள்ளலாம்.

படலை கடந்தால் முன்முற்றம். அப்பால் முகப்பும் திண்ணையும். திண்ணை வெளியாருக்குரிய இடம். கடிதம் வாசிப்பதும் வழக்குப் பேசுவதும் புராணபடனத்துக்குப் பயிற்சி செய்வதும் அங்கேதான். நிலைக்கதவு பெரும்பாலும் வன்னியிலிருந்து வந்த முதிரை அல்லது பாலை மரத்தினாலானது. குனிந்து புகும்படி நிலை சற்றுத் தாழ்வாக இருக்கும்.

உள்ளே போனதும் இருட்டாக இருக்கும் என்று எதிர்பார்க்கும் கண்ணுக்கு வெளிச்சம் தெரியும். அதுதான் நடுமுற்றம். நான்கு பக்கமும் கூரை உள்நோக்கிச் சரிந்து முற்றத்தில் வந்து முடியும். சார் என்பது பக்கம். நான்கு பக்கமும் அமைந்ததால் நாற்சார். முற்றத்தைச் சுற்றித் தூண்கள் வரிசையாக நிற்க, அவற்றுக்குப் பின்னே விறாந்தை ஓடும். அறைகள் விறாந்தைக்குத் திறக்கும். ஈசான மூலைப் பக்கமாகச் சாமியறை, நெல்லும் ஒடியலும் பனாட்டும் வைக்கும் களஞ்சிய அறை, பின்பக்கமாக அடுக்களை, அதற்கும் பின்னே கிணற்றடி, அதற்கப்பால் மாட்டுக்கொட்டிலும் கோடிப்புறமும். மனையடி சாத்திரப்படி நிலையம் எடுத்து, நாட்கல் வைத்து, குடிபூரல் வரை ஒவ்வொன்றுக்கும் நாள் பார்த்துச் செய்தார்கள்.

இந்த அமைப்பு எங்கிருந்து வந்தது? தமிழ்நாட்டு வீடுகளிலும் கேரள நாலுகட்டு வீடுகளிலும் நடுமுற்றம் உண்டு. அவற்றோடு உறவு இருப்பது வெளிப்படை. ஆயினும் யாழ்ப்பாணத்தின் பழைய வளவுகளைப் பார்த்தால் இன்னொரு வழியும் தெரிகின்றது. படுக்கைக்கும் பண்டத்துக்கும் ஓர் அறை கொண்ட சிறு வீடு, புகைக்கும் நெருப்புக்கும் அஞ்சித் தள்ளிக் கட்டிய அடுக்களை, ஆண்களும் விருந்தினரும் இருக்கும் தலைவாசல் என்று தனித்தனிக் கொட்டில்கள் ஒரு முற்றத்தைச் சுற்றி நின்றன. இக்கொட்டில்கள் ஒன்றோடொன்று கூரை தொட்டு இணைந்தால் அதுவே நாற்சார் வீடாகிவிடும். முற்றம் முதலில் இருந்தது, வீடு பிறகு அதைச் சுற்றி வளர்ந்தது என்பதே எனக்குப் பொருத்தமாகத் தோன்றுகின்றது.

ஐரோப்பியர் இதிலே கொடுத்ததும் உண்டு. நாம் நாள்தோறும் சொல்லும் விறாந்தை, யன்னல், குசினி, கதிரை, மேசை, அலுமாரி, சாவி என்பனவெல்லாம் போர்த்துக்கேயச் சொற்கள். கூரையைத் தாங்கும் தீராந்தியும் அப்படியே. மேசை லாச்சி ஒல்லாந்தர் சொல். முற்றம், திண்ணை, படலை, வளை, நிலை, அடுக்களை ஆகியவை நம்முடையவை. எது வந்தது, எது இருந்தது என்பதை ஒரு வீட்டைச் சுற்றி நடந்து பெயர் சொன்னாலே கண்டுகொள்ளலாம். பாடசாலைப் பிள்ளைகளுக்கு இதை ஒரு பயிற்சியாகக் கொடுத்துப் பார்க்கலாம்.

மழையும் பனையும் சுண்ணாம்பும்

யாழ்ப்பாணத்தில் ஆறு இல்லை. ஆண்டு மழையின் பெரும்பகுதி ஐப்பசி தொடக்கம் மார்கழி வரையான மாரியிலே கொட்டித் தீர்ந்துவிடும். மற்ற மாதங்களில் வெயிலும் காற்றும். நிலத்தின் அடியிலோ சுண்ணாம்புக்கல். அதன் வெடிப்புகளில் இறங்கித் தங்கும் மழைநீரே கிணற்று நீர். இம்மூன்றையும் அறிந்தவர்கள் கட்டிய வீடு இது.

மாரியில் நான்கு சார்க் கூரையின் நீரும் நடுமுற்றத்தில் விழும். மூலைகளில் இரு கூரைகள் சந்திக்கும் ஓடையிற் பீலி வைத்து, அதன் கீழே கிடாரமோ அண்டாவோ வைத்து மழைநீர் பிடிப்பார்கள். மிகுதி நீர் முற்றத்திலிருந்து தளத்துக்குக் கீழாகப் போகும் வாய்க்கால் வழியே தோட்டத்துக்குச் சென்று, வாழையடியில் நின்று, நிலத்துள் இறங்கும். இன்று மழைநீர் சேகரிப்பு என்று கருத்தரங்குகளிற் பேசப்படுவதைப் பேச்சில்லாமற் செய்தவர்கள் அவர்கள்.

கோடையில் அதே முற்றம் வேறு வேலை செய்யும். சூடேறிய காற்று முற்றத்தின் வழியே மேலெழ, நிழலில் இருக்கும் விறாந்தையிலிருந்தும் யன்னல்களிலிருந்தும் குளிர்ந்த காற்று அதன் இடத்துக்கு நகரும். இரவில் திறந்த வானத்தை நோக்கி முற்றம் விரைவில் ஆறிவிடும். தடித்த சுவர் பகலின் வெப்பத்தை உடனே உள்ளே விடாது. மின்விசிறி இல்லாத காலத்திலே பங்குனி சித்திரை வெயிலில் எப்படி இருந்தார்கள் என்று கேட்பவர்களுக்கு இதுவே விடை. கள்வர் பயத்தாலும் நுளம்புக்காகவும் முற்றத்தின் மேல் தகரமோ கண்ணாடித் தகடோ போட்டு மூடியவர்கள் வீடு வெக்கையாக இருக்கிறது என்று குறைப்படுகின்றனர். அது வீட்டின் குற்றமன்று.

கட்டுமானப் பொருள்களில் இரண்டைப் பற்றியாவது விரிவாகச் சொல்ல வேண்டும். முதலாவது பனை. வைரம் பாய்ந்த முதிர்ந்த பனையைத் தறித்துப் பிளந்து, உள்ளிருக்கும் சோற்றியை நீக்கி, கருமையான வெளிப்பகுதியை மட்டும் வளையாகவும் சிலாகையாகவும் சீவி எடுப்பார்கள். இளம் பனையைத் தறித்தால் அது கூரைக்கு உதவாது. நன்றாக முற்றிய மரத்தைக் கறையான் எளிதில் தொடாது; மழை படாமல் மட்டும் காத்தால் மூன்று நான்கு தலைமுறைக்கு நிற்கும். பழைய வீடுகளின் கூரை மரத்தைக் கழற்றிப் புது வீட்டுக்குப் போடுவது நம் ஊர்களில் வழமையாக இருந்தது. ஒரு சிலாகைக்கு இரண்டு வீட்டு வயது உண்டு. அதன் மேலே முதலிற் பனையோலையும் கிடுகும், பிறகு வளைந்த நாட்டோடும், பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியிலிருந்து மங்களூர்ப் பக்கத்தில் ஆலைகளிற் செய்யப்பட்ட தட்டை ஓடும் வந்தன.

இரண்டாவது சுண்ணாம்பு. காலடியிலுள்ள கல்லையே சூளையில் நீற்றி, நீரில் அவித்து, மணலோடு சேர்த்துக் குழைத்துச் சாந்தாக்கினார்கள். பனங்கட்டிப் பாணியும் முட்டை வெள்ளைக்கருவும் சேர்த்தார்கள் என்பது ஊருக்கு ஊர் சொல்லப்படும் செய்தி. சாந்தை அவசரமாகப் பூசக் கூடாது. குழைத்து நாட்கணக்கில் வைத்து, அரைத்து, பூசியபின் தேய்த்துத் தேய்த்து மெருகேற்ற வேண்டும். நல்ல வேலைப்பாட்டில் சுவர் கண்ணாடிபோற் பளபளக்கும். சுண்ணாம்புச் சுவர் ஈரத்தை உறிஞ்சினாலும் வெயிலில் அதை வெளியே விட்டுவிடும். இதை மறந்து அத்தகைய சுவர்மேற் சீமெந்து பூசுவோர் பலர். சீமெந்து ஈரத்தை வெளியே விடாது. நிலத்திலிருந்து ஏறிய ஈரம் உள்ளே அடைபட்டுப் பழைய சாந்தைக் கரைக்க, சில மாரிக்குள் பூச்சு பெயர்ந்து விழும். பெயரும்போது பழைய கல்லின் முகத்தையும் சேர்த்துக்கொண்டு வரும். பழைய வீட்டைக் காப்பாற்றுகிறோம் என்று நினைத்துச் செய்யப்படும் தீங்குகளில் இதுவே முதன்மையானது.

பெண் வழிச் சொத்து

கல்லும் மரமும் வீட்டின் உருவத்தை ஒருவாறு தீர்மானித்தன என்றால், அதன் வாழ்வைத் தீர்மானித்தது சீதனம். 1707 இல் ஒல்லாந்த அதிகாரி கிளாஸ் ஐசாக்ஸ் யாழ்ப்பாணத்து வழமைகளைத் திரட்டி எழுதினான். அதுவே தேசவழமை, ஆங்கிலேயர் 1806 இல் அதற்குச் சட்ட வலுவளித்தனர். மணமாகிப் போகும் பெண்ணுக்குப் பெற்றோர் சீதனம் எழுதிக் கொடுப்பதும், முதுசொம் இன்னது தேடிய தேட்டம் இன்னது என்று பிரித்துப் பார்ப்பதும் அதிலே சொல்லப்பட்டுள்ளன. நடைமுறையில் வீடும் வளவும் பெரும்பாலும் பெண்பிள்ளைகளுக்கே போயின. மாப்பிள்ளை பெண் வீட்டுக்கு வந்தார். நம்மூரில் அக்கா தங்கைமார் அடுத்தடுத்த வளவுகளில் இருப்பதும், நடுவேலியில் ஒரு பொட்டு வைத்துக் கறிச்சட்டி போய்வருவதும் இதனால் வந்த வழக்கமே.

மகள்மார் இருவர் மூவர் இருந்தால் ஒரே நாற்சார் வீட்டைப் பங்கிட்டனர். வடக்குச் சார் மூத்தவளுக்கு, தெற்குச் சார் இளையவளுக்கு. முற்றமும் சாமியறையும் பொது. உறுதிகளில் வீட்டுப் பங்கோடு கிணற்றுப் பங்கும் வழிவாய்க்கால் உரிமையும் சேர்த்து எழுதப்படுவதை எல்லோரும் அறிவோம். ஏக்கருக்குப் பதினாறு பரப்பு; அந்தப் பரப்பும் குழிகளாகப் பிரிந்து ஒவ்வொரு தலைமுறையிலும் சுருங்கியது. பொது முற்றத்தின் நடுவே மதில் எழுப்பப்பட்ட வீடுகளும் உண்டு. மதில் எழுந்த அன்றே அந்த வீடு நாற்சார் வீடாக இருப்பதை விட்டுவிடுகிறது. காற்றும் நின்றுபோகும், நீரும் ஒரு பக்கம் தேங்கும். நான் பார்த்த பழைய வீடுகளிற் குண்டு விழுந்து அழிந்தவற்றுக்குக் குறையாமற் பங்குப் பிணக்கினால் அழிந்தவையும் இருந்தன.

சொல்லாமல் விடக்கூடாதது

பழையவற்றைப் புகழும் கட்டுரைகளில் வழமையாக விடுபடும் ஒன்றை இங்கே சொல்ல வேண்டும். நாற்சார் வீடு வசதி படைத்தோரின் வீடு. ஊரிற் பெரும்பாலானோர் மண்சுவரும் ஓலைக்கூரையுமாகவே வாழ்ந்தனர். அத்துடன் படலை, முன்முற்றம், திண்ணை, விறாந்தை, அடுக்களை என்ற வரிசை, யார் எதுவரை வரலாம் என்ற அளவுகோலாகவும் இருந்தது. சாதியின் பெயராற் சிலர் படலையோடு நிறுத்தப்பட்டனர். சிலருக்கு முற்றம் வரை. கிணற்றில் அள்ளும் உரிமை பலருக்கு இல்லை. பனையைத் தறித்தவரும் சுண்ணாம்பை நீற்றியவரும் சுவரைத் தேய்த்து மெருகேற்றியவரும் குடிபூரலுக்குப் பின்னர் அந்த நிலையைத் தாண்டாத வீடுகள் எத்தனையோ. 1957 இல் சமூகக் குறைபாடுகள் தடுப்புச் சட்டம் வந்தது. 1968 இல் மாவிட்டபுரத்தில் ஆலயப் பிரவேசப் போராட்டம் நடந்தது. வீட்டுப் படலை கோயில் வாசலிலும் இருந்தபடியாற்றான் அப்போராட்டம் தேவைப்பட்டது. இந்த வீடுகளைக் காக்க வேண்டும் என்று சொல்லும் நாம், அவற்றைக் கட்டிய கைகளின் பெயர் எந்த உறுதியிலும் இல்லை என்பதையும் சேர்த்துச் சொல்வதே முறை.

வெறுமையான வீடுகள்

1987 இல் நடந்த போரிலும் அதன்பின் வந்த குண்டுவீச்சுகளிலும் சேதமடைந்தவை பல. ஆனால் நாற்சார் வீட்டுக்குப் பெரிய அடி ஆளில்லாமைதான். 1995 ஒக்டோபர் 30 ஆம் நாள் வலிகாமம் முழுவதும் ஒரே இரவில் எழுந்து தென்மராட்சிக்கும் வன்னிக்கும் நடந்ததை இம்மலரை வாசிப்போரிற் பலர் மறந்திருக்க மாட்டீர்கள். மறு ஆண்டு திரும்பியபோது சில வீடுகளில் ஓடில்லை, சிலவற்றிற் கதவில்லை, நிலையில்லை. பனஞ்சிலாகையும் வளையும் பதுங்குகுழிகளை மூடப் போயின. கூரை போன சுண்ணாம்புச் சுவர் மூன்று மாரியைத் தாங்காது. வலிகாமம் வடக்கில் உயர்பாதுகாப்பு வலயமாக்கப்பட்ட ஊர்களுக்கு இருபது, இருபத்தைந்து ஆண்டுகள் கழித்துப் போனவர்கள் தங்கள் வளவை அடையாளம் கண்டது பெரும்பாலும் கிணற்றை வைத்துத்தான்.

போர் முடிந்து 2009 இன் பின்னர் வந்தது வேறு விதமான அழிவு. வெளிநாட்டிலுள்ள பிள்ளைகள் நல்லெண்ணத்தோடு பணம் அனுப்புகின்றனர். அப்பணத்தில் பழைய வீடு இடிந்து, தட்டைக் கூரையும் கண்ணாடி யன்னலுமாகப் புது வீடு எழுகின்றது. நல்லூரிற் கோயிலைச் சுற்றிய காணியின் விலை ஏற ஏற, வீட்டைவிட நிலமே பெறுமதி என்றாகிவிட்டது. தங்குவிடுதிகளுக்கும் கடைகளுக்கும் இடம்விட்ட பழைய முகப்புகள் பல. முதியவர்கள் தனியே இருந்து முப்பது அடி விறாந்தையைக் கூட்டித் துடைக்க இயலாது என்பதும் உண்மையே. இடித்தவர்களைக் குறைகூறி இதை எழுதவில்லை. வாழ்பவருக்கே வீடு. எனினும் இடிக்காமல் ஆகாதா என்று ஒருமுறை பார்ப்பதற்கு முன்பே இடிக்கப்படுவதுதான் வருத்தம்.

செய்யக்கூடியவை

தொல்லியற் சின்னமாக அறிவிக்கப்படும் பேறு மந்திரிமனை போன்ற ஒரு சிலவற்றுக்கே கிடைக்கும். ஊர் வீட்டுக்கு அதன் உரிமையாளரே காவல்.

நாற்சார் வீடு ஒன்று பங்கில் இருக்குமானால், பங்காளர் எல்லோரும் ஊரில் கூடும் நாளில், அது கோயில் திருவிழாக் காலமாகவே பெரும்பாலும் இருக்கும், ஓர் அளவுநாடாவுடன் வீட்டை அளந்து தாளில் வரைந்துகொள்ளுங்கள். அறைகளின் பெயரை மூத்தவர்கள் சொன்னபடியே எழுதுங்கள். இது தலைவாசல், இது பெரியறை, இது பேறுகால அறை என்று அவர்கள் சொல்லும் சொல்லை மாற்ற வேண்டாம். நிலைக்கதவு, தூண், பீலி, சாமியறை விளக்குமாடம் ஆகியவற்றைப் படம் எடுத்து உறுதியின் பிரதியோடு சேர்த்து வையுங்கள். கட்டிய கொத்தனார், தச்சர் யாரென்று ஒருவருக்காவது நினைவிருந்தால் அதையும் குறித்துக்கொள்ளுங்கள். இவ்வளவும் ஒரு பிற்பகல் வேலை. பிற்காலத்தில் இடிக்க நேர்ந்தாலும் அந்தத் தாள் இருக்கும்.

திருத்த நினைப்பவர்கள் சுண்ணாம்புச் சுவருக்குச் சுண்ணாம்பையே பூசுவியுங்கள். அவ்வேலை தெரிந்த கொத்தனார் குறைந்துவிட்டனர்; தெரிந்த முதியவரை இளையவர் ஒருவரோடு சேர்த்து அமர்த்தினால் வேலையும் நடக்கும், தொழிலும் கைமாறும். முற்றத்தை மூட வேண்டுமாயின் காற்றும் மழையும் போக விடும் கம்பி வலை போதும். தளத்துக்குக் கீழே போகும் வாய்க்காலை அடைத்து அதன்மேல் மாபிள் பதிக்க வேண்டாம்; பதித்த பின்னர் முற்றத்து நீர் சுவரின் அத்திவாரத்துக்குள்தான் போகும்.

வீடு பூட்டியிருந்தாலும், ஊரில் இருக்கும் உறவினர் ஒருவரிடம் சாவியைக் கொடுத்து, புரட்டாசி முடிவதற்குள் கூரையேறி நான்கு மூலைப் பீலிகளிலும் கிடக்கும் சருகை வாரச் சொல்லுங்கள். ஒழுக்கு எப்போதும் அந்த மூலைகளிலேதான் தொடங்கும். முதலில் இறப்பது அங்கே முட்டும் சிலாகையின் நுனி. அது போனால் அடுத்த மாரியில் வளை, அதற்கடுத்த மாரியில் சுவர். உடைந்த ஓடு நாலைந்தை மாற்றுவதற்கு ஒரு நாட்கூலி போதும். வளை மாற்றுவதற்கு இன்று முதிர்ந்த பனை கிடைப்பதே அரிது.